நாலாவது குரல்

ஐஸ் பெட்டியின் கண்ணாடி மூடியை இரண்டு பேர் தூக்கிப் பிடித்திருக்க, செல்வக்குமார் குனிந்து அண்ணன் மாரிக்கண்ணனின் வலது கைக் கட்டைவிரலைப் போனின் மேல் வைத்து அழுத்தினான். போன் ஒரு தடவை அதிர்ந்தது. திறக்கவில்லை.

“விரலு ஈரமா இருக்கும்லே. துடைச்சிட்டு வை” என்றாள் வெள்ளைத்தாய். இறந்துபோனவனுக்கும் செல்வக்குமாருக்கும் மூத்த அக்கா. நேற்று இரவிலிருந்து அழுது தொண்டை கட்டிப்போயிருந்தாலும் அதிகாரம் மட்டும் குறையவில்லை.

செல்வக்குமார் தோளில் கிடந்த துண்டால் விரலைத் துடைத்தான். வாயருகே கொண்டுபோய் ஊதிச் சூடாக்கினான். நகக்கண்ணில் இன்னும் வெள்ளி நிறத்தில் மருந்து ஒட்டியிருந்தது. மறுபடியும் வைத்தான். போன் மறுபடியும் அதிர்ந்துவிட்டுச் சும்மா இருந்தது.

இந்தக் கூத்தை என்னவென்று சொல்வது! உயிரோடு இருந்தபோதே விழாத ரேகை. ரேஷன் கடையில் மாரிக்கண்ணன் விரலை வைத்தால் மிஷின் ஒருநாளும் ஏற்றுக்கொண்டதில்லை. இருபத்திரண்டு வருடம் பட்டாசுக் கம்பெனியில் மருந்து கலக்கிய கை. கோடெல்லாம் தேய்ந்து மழுமழுவென்று ஆகிவிட்டது. பெட்டியைச் சுற்றி நின்றவர்களில் பாதிப் பேருக்கு அதே கதிதான். மாதாமாதம் ரேஷன் கடையில் நின்று, “எனக்கு விளாது, எம்பொண்டாட்டிய வரச் சொல்லுதேன்” என்று சொல்லிவிட்டு வருகிறவர்கள்தான். ஆனாலும் ஒருவருக்கும் அது அந்த நேரத்தில் ஞாபகம் வரவில்லை. “கொஞ்சம் சாச்சு வை”, “எண்ணெய் தடவிப் பாரு” என்று ஆளுக்கொரு யோசனை சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

ஞாபகம் இருந்தது ஒரே ஒரு ஆளுக்குத்தான். கால்மாட்டில் சுவரோடு சாய்ந்து உட்கார்ந்திருந்த வேல்விழி, வலது கையைச் சேலை முந்திக்குள் சுருட்டி வைத்திருந்தாள்.

அந்தப் போனைத் திறக்கிற விரல் அந்த முந்திக்குள் இருந்தது.

இரண்டு வருடத்துக்கு முன் போன் வாங்கிய அன்று, மகள் ஓவியா அப்பாவின் பத்து விரலையும் மாற்றி மாற்றி வைத்துப் பார்த்துச் சலித்துப்போனாள். “எங்கிட்ட ரேகை எங்கிட்டு இருக்கு? கம்பெனிக்காரன்கிட்டல்ல இருக்கு” என்று மாரிக்கண்ணன் சிரித்தான். கடைசியில் அவனுக்குக் கோடு போட்டுத் திறக்கிற மாதிரி வைத்துவிட்டு, விரலுக்கு மட்டும் அம்மாவின் கட்டைவிரலைப் பதிந்தாள். வேல்விழி வீட்டிலிருந்து ஜாக்கெட் தைக்கிறவள். அவளுக்கு ரேகை இருந்தது. அதன் பிறகு அவள் அந்தப் போனைத் திறந்தது நாலைந்து தடவைதான். அதற்குத் தேவையே வரவில்லை.

இன்றைக்கு வந்திருக்கிறது. ஆனால் அவள் வாயைத் திறக்கவில்லை.

போனைத் திறக்கச் சொல்வதிலும் ஒரு நியாயம் இருந்தது. செல்வக்குமார் திருத்தங்கலில் ஆப்செட் மிஷின் ஓட்டுகிறவன். ஊரில் யார் செத்தாலும் கண்ணீர் அஞ்சலி போஸ்டர் அவன் கையால்தான் அடித்து வரும். சீசன் நேரம், பட்டாசுப் பெட்டி லேபிளே மலைபோல் கிடக்கிறது. இருந்தாலும், “ஒரு மணிக்குள்ள போட்டோ வந்திட்டா நடுவுல விட்டு அடிச்சித் தாரேன்” என்று முதலாளி சொல்லியிருந்தார். மூன்று மணிக்கு எடுக்க வேண்டும். ஊருக்கெல்லாம் போஸ்டர் அடிக்கிறவன் கூடப் பிறந்தவனுக்கு அடிக்கவில்லை என்றால் அந்தப் பேச்சு ஏழு தலைமுறைக்கும் நிற்கும்.

போட்டோதான் இல்லை. மாரிக்கண்ணன் எல்லாரையும் எடுப்பானே தவிர தன்னை எடுக்க விடமாட்டான். ஆதார் அட்டையில் இருந்த முகத்தைப் பார்த்தால் போலீஸ் தேடுகிற ஆள் மாதிரி இருந்தது. வேல்விழியின் போன் மகள் போட்டுக் கழித்த பழசு. இடமில்லை, இடமில்லை என்று அது கத்தக் கத்த, உள்ளே இருந்த படங்களையெல்லாம் போன மாதம்தான் அழித்துப்போட்டாள். பங்குனிப் பொங்கலுக்கு வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு கோவில் வாசலில் நின்று ஒரே ஒரு படம் எடுத்துக்கொண்டான். எல்லாரும் பார்த்து, “மாப்பிள்ளை மாதிரி இருக்கீகளே” என்று சொன்ன படம். அது இந்தப் போனுக்குள் இருந்தது.

“கோடு போட்டுப் பார்ப்பமா? ‘மா’னாப் போடுவானோ?” என்றான் செல்வக்குமார். போட்டுப் பார்த்தான். முப்பது வினாடி பொறுக்கச் சொன்னது போன்.

வேல்விழி தன் போனை இடுப்பிலிருந்து எடுத்து, மடிக்குள் வைத்து, யாரும் பார்க்காமல் திரும்பவும் பார்த்தாள். விடிந்ததிலிருந்து எத்தனையாவது தடவை என்று அவளுக்கே தெரியாது. அதில் மாறுவதற்கு ஒன்றுமில்லை. நேற்று அவள் அவனுக்கு அனுப்பிய நாலு வாய்ஸ் மெசேஜ் வரிசையாக நின்றன. முதல் மூன்றிலும் மைக் படம் நீலம். நாலாவதில் சாம்பல்.

கேட்டுவிட்டால் நீலமாகும், கேட்காதவரைக்கும் சாம்பலாக இருக்கும் என்று ஓவியாதான் அவளுக்குச் சொல்லிக் கொடுத்திருந்தாள்.

பட்டாசுக் கம்பெனிக்குள் போன் கொண்டுபோகக் கூடாது. காலையில் வாசலில் வாட்ச்மேன் கூண்டில் கொடுத்துவிட வேண்டும். அங்கே மரப்பலகையில் நம்பர் போட்ட பொந்துகள் இருக்கின்றன. மாரிக்கண்ணனுடையது நாற்பத்தேழாம் பொந்து. எட்டு மணிக்குப் பொந்துக்குள் போகிற போன் சாயந்திரம் ஐந்தரைக்குத்தான் வெளியே வரும். அதனால் அவர்கள் ஊரான விஸ்வநத்தத்துப் பொம்பளைகள் பலருக்கும் இருந்த பழக்கம் வேல்விழிக்கும் வந்துவிட்டது. எப்போது என்ன தோன்றுகிறதோ அப்போதே பேசி அனுப்பிவிடுவது. தக்காளி வாங்கி வரச் சொல்வது, மோட்டார் ஓடவில்லை என்பது, பக்கத்து வீட்டுக்காரி பேசிய பேச்சு, எல்லாம் பொந்துக்குள் போய்ச் சேர்ந்து கிடக்கும். ஐந்தரைக்குக் கேட்டைத் திறந்தால் அறுபது எழுபது பேர் போனை வாங்கிக்கொண்டு ஒரே நேரத்தில் கேட்பார்கள். ரோடு முழுக்கப் பெண்டாட்டிமார் குரலாகக் கிடக்கும். “எங்க கம்பெனி வாசல்ல சாயந்திரமானா பொம்பளைக மாநாடுதான்” என்று மாரிக்கண்ணன் கேலி செய்வான்.

சண்டைகூட அவர்களுக்குள் அப்படித்தான் நடந்தது. காலையில் ஆரம்பித்த கோபத்தை அவள் பகல் முழுக்கத் தவணை தவணையாக அனுப்புவாள். அவன் வீட்டுக்கு வரும்போது அவளுக்கு ஆறிப்போயிருக்கும். அவனுக்கோ அப்போதுதான் சூடாக இருக்கும். முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வருவான். “அதெல்லாம் காலையில பேசுனது, கடைசியா அனுப்புனதக் கேளுங்க முதல்ல” என்று சொல்லிச் சிரிப்பாள்.

பத்து நாளாக அவனுக்கு நெஞ்சை அடைக்கிறது என்று சொல்லிக்கொண்டிருந்தான். இடது தோள்பட்டை கடுக்கிறது, மருந்து வாடை ஒத்துக்கொள்ளவில்லை, வாயுவாக இருக்கும் என்று நாளுக்கொன்று சொன்னான். அவள் சிவகாசியில் ஒரு டாக்டரிடம் டோக்கன் போட்டு வைத்தாள். நேற்றுக் காலையில் அவள் குளித்துவிட்டு வருவதற்குள் தூக்குவாளியை எடுத்துக்கொண்டு போய்விட்டான். லோடு போகிற நேரம், லீவு போட்டால் போர்மேன் முகத்தைக் காட்டுவான் என்று முந்தைய நாளே சொன்னவன்தான்.

முதல் மெசேஜ் அதற்கு. “ராத்திரி சரி சரின்னு தலையாட்டிட்டு இப்பிடி ஓடுனா என்ன அர்த்தம்?”

இரண்டாவது, டாக்டர் வீட்டு வாசலில் இருந்து. அரைநாள் லீவு சொல்லிவிட்டு வந்தாலும் வருவான் என்று அவள் பாட்டுக்குப் போய் உட்கார்ந்திருந்தாள். “டோக்கனு நம்பரக் கூப்பிட்டாக. நான் எந்திரிச்சுப் போய் நின்னா, நெஞ்சு வலி உங்களுக்கான்னு அந்த நர்சு கேக்குறா. எனக்கு இல்லம்மா, வாராத மனுசனுக்குன்னு சொன்னேன். எல்லாரும் சிரிக்காக.”

மூன்றாவது, பஸ் விட்டு இறங்கி வெயிலில் நடந்து வந்து, வீட்டுக் கதவைத் திறந்ததும் திறக்காததுமாக நின்று பேசியது. “நான் சொல்றது ஒண்ணும் ஏறாது உங்களுக்கு. அந்த மருந்துக்குள்ளயே கெடந்து செத்துத் தொலைங்க. இங்கன வராதீக. பொணமா வந்தா தூக்கிப் போடுதேன், போங்க.”

சொன்னது தன் வாய்தான். பிசகாமல் அப்படியே பலித்திருந்தது.

நாலாவது நாலேகால் மணிக்கு. “ஏங்க, கோவத்துல என்னத்தையோ சொல்லிட்டேன், மனசுல வைக்காதீக. நாக்குல சனி. நாளைக்கு ஞாயித்துக்கெளமைதான, டாக்டர் இருப்பாராம், கேட்டுட்டேன். முட்டைக் கொளம்பு வச்சிருக்கேன். வெரசா வாங்க.” சொல்லி முடித்துவிட்டுச் சிரித்தும் இருந்தாள். அந்தச் சிரிப்போடு அது நாற்பத்தேழாம் நம்பர் பொந்துக்குப் போய்ச் சேர்ந்தது. இன்னும் சாம்பலாக நிற்கிறது.

முட்டைக் குழம்பு இரவே கெட்டுப்போயிருக்கும். யாரோ ஒருத்தி சட்டியைக் கழுவிக் கவிழ்த்து வைத்துவிட்டாள்.

“வாட்ச்மேன் அண்ணாச்சி, இங்கன வாங்க” என்று செல்வக்குமார் வாசலைப் பார்த்துக் கூப்பிட்டான். பந்தலில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்த சங்கையா எழுந்து வந்தார். காலையில் போனைப் பாலிதீன் பைக்குள் போட்டுக் கொண்டுவந்து கொடுத்தவர் அவர்தான். நேற்று மாரிக்கண்ணனைக் கம்பெனி வேனில் தூக்கிப் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடியவரும் அவர்தான்.

“இதுக்கு என்ன கோடு போடுவான்னு பாத்திருக்கீகளா?”

“நான் எங்க தம்பி பாத்தேன். பொந்துல வைப்பேன், எடுத்துக் குடுப்பேன். அம்புட்டுதான்.”

“விளுறப்போ யார்கூடப் பேசிக்கிட்டு இருந்தான்?”

வெள்ளைத்தாய் அழுகையை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தாள்.

“யார்கூடயும் பேசலயே” என்றார் சங்கையா. கண்கூட இமைக்கவில்லை. “போனு சட்டைப் பையில கெடந்துச்சு. கம்பெனி வாசலுக்கு எதுக்க பாலத்துக் கட்டையில உக்காந்தாரு, அப்பிடியே சாஞ்சிட்டாரு. நாந்தான் பைக்குள்ள இருந்து எடுத்தேன்.”

பொய். பைக்குள் கிடந்த போனில் மூன்று மெசேஜ் எப்படி நீலமாகும்? அவருக்கு என்னவோ தெரிந்திருக்கிறது என்று வேல்விழிக்குத் தோன்றியது.

பக்கத்து வீட்டுக்காரி அவளைக் கட்டாயப்படுத்தி எழுப்பி, முகம் கழுவிக் கடுங்காப்பி ஒரு வாய் குடிக்க வைப்பதற்காகப் பின்கட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனாள். அந்தப் பெண் டம்ளர் எடுக்க உள்ளே போன சமயம் பார்த்து, கை கழுவுகிற சாக்கில் சங்கையா தண்ணீர்த் தொட்டிப் பக்கம் வந்தார். வேல்விழியைப் பார்க்கவில்லை. தண்ணீரைப் பார்த்துக்கொண்டு பேசினார்.

“தாயி, அவரு அதைக் கேக்கல.”

அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

“சாமி சத்தியமா. முதல்ல ஒண்ணக் கேட்டுட்டு, ‘இன்னைக்கு நமக்குப் பூசை இருக்கு சங்கையா’ன்னு சிரிச்சாரு. பெறகும் கேட்டுக்கிட்டு இருந்தாரு. அந்த இது வாரதுக்குள்ள சாஞ்சிட்டாரு. போனு கீள விளுந்து அது பாட்டுக்குப் பேசுச்சு. நாந்தான் எடுத்து அமத்துனேன். எங்காதோட போச்சு.”

அதற்குள் டம்ளரோடு பக்கத்து வீட்டுக்காரி வந்துவிட்டாள். சங்கையா கையை உதறிக்கொண்டு பந்தலுக்குப் போய்விட்டார்.

வேல்விழி காப்பியைக் கையில் வாங்கி அப்படியே வைத்திருந்தாள். கேட்கவில்லையா? கேட்பதற்குள் சாய்ந்தானா? எவ்வளவு நன்றாக இருக்கும் அது மெய்யாக இருந்தால்! ஆனால் கால்மணி நேரத்துக்கு முன்னால்தான் அந்த மனுசன் இருபது பேர் நடுவில் நின்று, கண் இமைக்காமல் ஒரு பொய் சொன்னார். அவளுக்காகத்தான் சொன்னார். அவளுக்காக அங்கே ஒன்று சொல்கிறவர் இங்கே ஒன்று சொல்லமாட்டாரா? நல்ல மனுசர் என்பதுதான் கஷ்டமாக இருந்தது. கொஞ்சம் கெட்டவராக இருந்திருந்தால் நம்பியிருப்பாள்.

போன் திறந்தால் அந்த நாலும்தான் முன்னால் வந்து நிற்கும். யாராவது மூன்றாவதைத் தொட்டுவிட்டால் போதும், அவள் குரலே எழுந்து இந்த வீட்டில் கத்தும். வெள்ளைத்தாய்க்கு ஒரு சொல் கிடைத்தால் போதாதா? ‘வாய்விட்டே கொன்னுட்டா’ என்று நாரணாபுரம் வரைக்கும் போய்விடும். ஓவியாவும் கேட்பாள். அதை நினைக்கத்தான் அவளால் முடியவில்லை.

திறக்காமலே விட்டால்? நாலாவது சாம்பலாகவே கிடக்கும். செத்துத் தொலைங்க என்றது போய்ச் சேர்ந்து, வெரசா வாங்க என்றது போய்ச் சேராமல் நின்றுவிடும். அதையும் அவளால் தாங்க முடியவில்லை.

ஓவியா கோயம்புத்தூரில் நர்சிங் படிக்கிறாள். பஸ் மாறி, பஸ் மாறிப் பன்னிரண்டரைக்கு வந்து சேர்ந்தாள். தெருமுனையிலேயே செருப்பை விட்டுவிட்டு ஓடிவந்து பெட்டியின் மேல் விழுந்தாள். வெள்ளைத்தாய் ஒப்பாரி வைத்து அவளைக் கட்டிக்கொண்டாள். வேல்விழி மகளின் முதுகைத் தடவிக்கொண்டே, இனி எத்தனை நிமிடம் என்று மனதுக்குள் எண்ணிக்கொண்டிருந்தாள். பெற்ற மகள் வந்து அழும்போது ஒரு தாய் இப்படி எண்ணுவாளா என்று தன்மேலே அவளுக்கு அருவருப்பாக இருந்தது.

அழுகை கொஞ்சம் அடங்கியதும் செல்வக்குமார் மெதுவாக ஆரம்பித்தான். “ஓவியா, அப்பா போனு தொறக்க மாட்டேங்குது தாயி. அந்த வெள்ளைச் சட்டைப் போட்டோ வேணும். விரல வச்சு வச்சுப் பாத்துட்டோம்.”

“அப்பா விரல் எடுக்காது சித்தப்பா” என்றாள் ஓவியா, மூக்கை உறிஞ்சிக்கொண்டு. “அம்மா விரல்தான போட்டு வச்சோம்?”

எல்லாரும் வேல்விழியின் பக்கம் திரும்பினார்கள்.

“அடி பாதகத்தி” என்றாள் வெள்ளைத்தாய். “காலையில இருந்து எந்தம்பி கைய அந்தப் பாடு படுத்துதோம். கல்லு மாதிரி உக்காந்து பாத்துக்கிட்டே இருந்தியே!”

“மறந்துட்டேன் மதினி” என்றாள் வேல்விழி.

“எதடி மறப்ப? உள்ள என்னத்த வச்சு மறைக்க?”

“அத்தே, சும்மா இருங்க” என்றாள் ஓவியா. “நேத்துல இருந்து தூங்கியிருக்காதில்ல அம்மா.”

செல்வக்குமார் போனை நீட்டினான். வேல்விழி வலது கையை முந்தியிலிருந்து எடுத்தாள். வேர்த்திருந்தது. சேலையில் துடைத்துவிட்டுக் கட்டைவிரலை வைத்தாள். ஒரு அதிர்வுகூட இல்லாமல் போன் திறந்துகொண்டது.

அவன் விட்ட இடத்தில் அப்படியே திறந்தது. மேலே ‘வேலு’ என்ற பெயர். கீழே அவள் அனுப்பிய நாலு.

செல்வக்குமார் எட்டிப் பார்த்தான். “வாட்சப்தான் நிக்குது. நீங்க பேசுனதா மதினி?” என்றவன், முகம் கோணிப்போய், “மேல தள்ளுங்க மதினி. அண்ணன் பேசுனதும் இருக்கும்ல. ஒருக்கா அவன் கொரலக் கேப்போம்” என்று விரலை நீட்டினான்.

“ஆமா, போடு போடு” என்றார்கள் நாலைந்து பேர். மாரிக்கண்ணனின் குரலைக் கேட்க எல்லாருக்கும் ஆசையாக இருந்தது. வாசலில் நின்றவர்கள்கூட உள்ளே நெருக்கிக்கொண்டு வந்தார்கள். கெட்ட எண்ணம் ஒருவருக்கும் இல்லை. செல்வக்குமாரின் கண் கலங்கியிருந்தது. விரல் மட்டும் மூன்றாவது மெசேஜுக்கு நேராக வந்துகொண்டிருந்தது.

“தொடாதீக!”

அவள் போட்ட சத்தத்தில் அவன் கையை இழுத்துக்கொண்டான். வேல்விழி போனை நெஞ்சோடு சேர்த்து அமுக்கிக்கொண்டாள். எல்லாரும் அவளையே பார்த்தார்கள். வெள்ளைத்தாய் வாயைத் திறந்தாள்.

ஓவியாவும் பார்த்துவிட்டிருந்தாள். தேதி, மணி, மூன்று நீலம், ஒரு சாம்பல். அம்மாவின் முகத்தையும் பார்த்தாள். என்ன புரிந்ததோ, எவ்வளவு புரிந்ததோ தெரியாது. அம்மாவுக்கும் சித்தப்பாவுக்கும் நடுவில் வந்து நின்றுகொண்டாள்.

“சித்தப்பா, மணி ஒண்ணாகப் போகுது. குரலெல்லாம் பிறகு கேட்டுக்கிடலாம். போட்டோவை அனுப்புங்க முதல்ல. அம்மா, நீயே எடுத்துக் குடும்மா.”

வேல்விழி சுவர்ப் பக்கம் திரும்பி, வாட்சப்பை மூடி, படங்களைத் திறந்தாள். தேட வேண்டியிருந்தது. கம்பெனி ஆயுத பூசை, ஓவியா தலையில் நர்சு தொப்பி, மழையில் நனைந்த பஸ், யார் வீட்டு ஆட்டுக்குட்டியோ ஒன்று. நடுவில், தையல் மிஷினில் குனிந்திருக்கும் அவளையே பின்னால் நின்று எடுத்த படம். எப்போது எடுத்தான் என்று தெரியவில்லை. அதைத் தாண்டிப் போய் வெள்ளைச் சட்டையைக் கண்டுபிடித்துக் கொடுத்தாள். செல்வக்குமார் அதைத் தன் போனுக்கு அனுப்பிக்கொண்டு, ஒன்றும் கேட்காமல் அவள் கையிலேயே போனைத் திருப்பிக் கொடுத்தான். பைக்கை எடுத்துக்கொண்டு திருத்தங்கலுக்குப் பறந்தான்.

போகிற வாக்கில் வெள்ளைத்தாய் யாரிடமோ, “என்னமோ இருக்கு” என்று சொன்னது வேல்விழி காதில் விழுந்தது.

இரண்டரைக்கு, குளிப்பாட்டத் தண்ணீர் கொண்டுவரும் நீர்மாலை எடுத்துவிட்டு வந்தார்கள். குளிப்பாட்டி, கோடி போட்டு, தெருவில் பெஞ்சில் கிடத்தினார்கள். வாய்க்கரிசி போட வரிசை நின்றது. தட்டில் அரிசி குறையக் குறையக் கொட்டுக்காரர்கள் அடியை வேகமாக்கினார்கள். சொந்தம், பந்தம், கம்பெனி ஆட்கள் எல்லாரும் போட்ட பிறகு கடைசியில் பெண்டாட்டியைக் கூப்பிட்டார்கள்.

வேல்விழி அரிசியை அள்ளி அவன் உதட்டில் வைத்தாள். ஒன்றிரண்டு உருண்டு கழுத்துப் பக்கம் விழுந்தன. அவள் எழுந்திருக்கவில்லை. இடுப்பிலிருந்து அவன் போனை எடுத்தாள். கட்டைவிரலை வைத்தாள்.

“ஏ, என்ன செய்யுதா அவ?” என்றாள் வெள்ளைத்தாய்.

ஓவியா அம்மாவின் முதுகை ஒட்டி வந்து குத்தவைத்தாள். அம்மாவின் முந்தானையை விரித்துப் பிடித்துக்கொண்டாள். பின்னால் இருந்தவர்களுக்கு அவள் தோள் மட்டும்தான் தெரிந்தது.

வேல்விழி மூன்றாவதைத் தொடவில்லை. அதில் எந்த இடத்தில் அவன் சாய்ந்தான் என்று தேடவும் இல்லை. நாலாவதைத் தொட்டுவிட்டு, போனை அவன் வலது காதில் வைத்து, வேட்டித் துணியால் கட்டியிருந்த தாடையோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள். காதில் வைத்தால் அது வெளியே கேட்காது. அவன் அப்படித்தான் கேட்பான். மற்றவர்கள் ரோட்டில் சத்தமாகப் போட்டுக் கேட்டாலும், பெண்டாட்டி பேசுவதை ஊருக்குப் போட்டுக் காட்டமாட்டான்.

கொட்டுச் சத்தத்தில் அவளுக்கே ஒன்றும் கேட்கவில்லை. ஏங்க, கோவத்துல என்னத்தையோ சொல்லிட்டேன் என்று உதடு மட்டும் கூடவே சொல்லிக்கொண்டு வந்தது. டாக்டர் இருப்பாராம். முட்டைக் கொளம்பு. சங்கையா கொட்டுக்காரர்களைப் பார்த்துக் கையைக் காட்டி, இன்னும் கொஞ்ச நேரம் அடிக்கச் சொன்னார். அவர்களும் அடித்தார்கள். வெரசா வாங்க என்ற இடத்தில் அவள் சிரித்திருந்தாளே, அதுவும் போய்ச் சேரட்டும் என்று முடிகிறவரைக்கும் பிடித்துக்கொண்டிருந்தாள்.

“நேரமாச்சு, தூக்கணும்” என்று யாரோ சொன்னார்கள். இரண்டு பெண்கள் அவளைக் கக்கத்தில் கைகொடுத்துத் தூக்கினார்கள்.

பாடை தெருமுனையில் திரும்புகிற வரைக்கும்தான் பெண்கள் போகலாம். அதற்குமேல் ஆண்கள் போனார்கள். ரோட்டில் சரவெடி வெடித்தார்கள். காகிதம் பறந்து வந்து வாசலெல்லாம் சிவப்பாக விழுந்தது. டீக்கடைச் சுவரில் செல்வக்குமார் கொண்டுவந்த போஸ்டர் பசை காயாமல் ஒட்டியிருந்தது. வெள்ளைச் சட்டையில் மாரிக்கண்ணன் நன்றாகத்தான் இருந்தான்.

வீட்டைக் கழுவிவிட்டுக்கொண்டிருந்தார்கள். பெட்டி இருந்த இடத்தில் தண்ணீரை ஊற்றித் துடைப்பத்தால் தள்ளினாள் வெள்ளைத்தாய். “எந்திரிச்சு அங்கிட்டு உக்காரு, சேலை நனையுது” என்றாள் வேல்விழியிடம். குரலில் கடுப்பு இருந்தது. இனிமேல் அது போகாது.

வேல்விழி நகர்ந்து தையல் மிஷின் பக்கம் உட்கார்ந்தாள். ஓவியா சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து அம்மாவுக்குக் கொடுத்துவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டாள். தண்ணீரைக் குடித்துவிட்டு வேல்விழி தன்னுடைய பழைய போனைக் கையில் எடுத்தாள். திரையில் இடமில்லை என்று எழுதி வந்தது. அதைத் தள்ளிவிட்டுத் திறந்தாள்.

நாலாவதும் நீலமாகியிருந்தது.